டீவரின் இறகு மெத்தை

எங்கள் வீட்டு பீர் நன்றாக இருக்கிறதோ இல்லையோ, அதன் மேலே பொங்கி வரும் நுரை நன்றாக இருக்கும். என் புருஷன் கிளாஸிடம் இதைச் சொன்னால் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வான். ஆனால் ஹாலந்திலிருந்து கடல் தாண்டி வந்து அமெரிக்கக் காட்டோரத்தில் நாங்கள் குடியேறிய இந்த பேவர்வைக் ஊருக்கே தெரிந்த விஷயம் இது. அந்த நுரையைக் கலந்தால்தான் எதிர்வீட்டு லுபெர்ட்டின் ரொட்டி மாவு எழும்பும். அதனால் தினமும் விடிந்ததும் ஒரு சட்டி நுரையைத் தூக்கிக்கொண்டு தெருவைக் கடப்பது என் வேலை. பதிலுக்கு ஒரு சூடான ரொட்டி கிடைக்கும். ரொட்டியைவிட முக்கியமாக, அந்த வீட்டில் அன்றைக்கு என்ன சண்டை என்பது ஊரில் எனக்குத்தான் முதலில் தெரியும்.

அந்த இலையுதிர்காலக் காலையில் நான் போனபோது சண்டைச் சத்தமே இல்லை. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது.

லுபெர்ட்டின் மனைவி டீவர், தலையில் கட்டிய பயணத் துணியைக்கூட அவிழ்க்காமல் கட்டிலுக்கு முன்னால் நின்றிருந்தாள். மேல்பண்ணையில் இருக்கும் தங்கைக்குப் பிரசவம் பார்க்கப் போனவள், அப்போதுதான் படகிலிருந்து இறங்கி வந்திருந்தாள். எங்கள் ஊர்க் கட்டில்கள் சுவரோடு சேர்த்து அலமாரி மாதிரிக் கட்டியவை. கதவைத் திறந்து உள்ளே ஏறிப் படுத்துக்கொண்டு சாத்திக்கொண்டால் குளிர் வராது. அந்தக் கதவு இரண்டும் அகலத் திறந்து கிடந்தன.

"ட்ரைனக்கா, கொஞ்சம் உள்ள பாருங்க. என்ன தெரியுது?"

"பலகை தெரியுது."

"அப்புறம்?"

"கொஞ்சம் வைக்கோல்."

"அவ்வளவுதான? நல்லாப் பாத்துச் சொல்லுங்க. எனக்குத்தான் கண்ணு அவிஞ்சுபோச்சோன்னு கேக்கிறேன்."

அவள் கண்ணுக்கு ஒன்றும் ஆகவில்லை. மெத்தைதான் இல்லை. அது சாதாரண மெத்தையா! ஹாலந்தில், ஹோர்ன் ஊரில் அவளும் அவள் அம்மாவும் உட்கார்ந்து வாத்து வாத்தாகப் பறித்து, மென்மையான இறகை மட்டும் பொறுக்கி அடைத்தது. கப்பலில் வரும்போது புயலடித்ததாம். மாலுமிகள் பீப்பாய்களையே கடலில் தள்ளியபோதும் இவள் அந்த மெத்தைமேல் குப்புறப் படுத்துக்கொண்டு, தள்ளுவதானால் என்னையும் சேர்த்துத் தள்ளுங்கள் என்றிருக்கிறாள். எங்கள் ஊரில் பாதிப் பேர் வைக்கோலில் படுக்கிறவர்கள். நானும்தான். அந்த மெத்தையை ஒருமுறை தொட்டுப் பார்த்துவிட்டு வந்து கிளாஸோடு நான் சண்டை போட்டிருக்கிறேன்.

லுபெர்ட் மாவுத் தொட்டிக்குள் முழங்கை வரை கையை விட்டுக்கொண்டு பிசைந்தான். தலையை நிமிர்த்தவே இல்லை.

"யோவ், என் மெத்தை எங்க?"

"சொல்றேன்மா. மாவு எழும்பட்டும்."

"மாவு எழும்புறதுக்குள்ள நீ விழுந்துடுவ. சொல்லு."

"மேல இருக்கு."

"பரண்லயா? எதுக்கு அங்க கொண்டுபோய்ப் போட்ட?"

"மெத்தை இல்ல. மெத்தைக்குப் பதிலா வந்தது மேல இருக்கு."

நானும் அவளோடு ஏணியில் ஏறினேன், மரியாதைக்கு. பரணில் பீவர் என்ற ஆற்று மிருகத்தின் தோல்கள் குவிந்து கிடந்தன. வட்டம் வட்டமாக, பலகை மாதிரி விறைத்துக் காய்ந்த தோல்கள்.

இதை நான் கொஞ்சம் விளக்க வேண்டும். எங்கள் ஊரில் ஆளுக்கு இரண்டு தொழில். ஒன்று பேருக்கு, இன்னொன்று பீவருக்கு. முன்பெல்லாம் எங்களை இங்கே கொண்டுவந்த ஹாலந்து வியாபாரக் கம்பெனி மட்டும்தான் தோல் வாங்கலாம் என்று இருந்தது. அப்புறம் கட்டுப்படியாகாமல், வாங்குகிறவன் வாங்கிக்கொள்ளட்டும் என்று கம்பெனி கையை உதறிவிட்டது. இப்போது அதற்கு மிச்சம் ஆற்றங்கரையில் ஒரு மரக்கோட்டை. வருஷா வருஷம் வெள்ளம் வந்து அதற்குள் நுழைந்து நலம் விசாரித்துவிட்டுப் போகும். கம்பெனி கையை உதறிய நாளிலிருந்து தையல்காரன், கொல்லன், ரொட்டிக்காரன் எல்லோரும் தோல் வியாபாரிகள். கோடையில் இந்த மண்ணின் பூர்வகுடிகளான மாக்வாக்காரர்கள் காட்டிலிருந்து தோல் மூட்டையோடு வருவார்கள். ஊரே வாசலில் நின்று கூவிக் கூப்பிடும்.

அந்தத் தோலில் இரண்டு வகை உண்டு. ஒன்று காய்ந்த தோல். இன்னொன்று உடுத்தின தோல். காட்டு ஜனங்கள் சில தோல்களைச் சேர்த்துத் தைத்துப் போர்வையாக்கி, ஓரிரு குளிர்காலம் உடம்பில் போட்டுக்கொள்வார்கள். வேர்வையும் கொழுப்பும் ஊறி, மேலே ஈட்டி மாதிரி நிற்கும் முரட்டு முடியெல்லாம் கொட்டி, அடியில் இருக்கும் பட்டு ரோமம் மட்டும் நிற்கும். ஆம்ஸ்டர்டாமில் தொப்பி செய்கிறவர்கள் அதற்குத்தான் அடித்துக்கொள்வார்கள். காய்ந்த தோலில் அந்த முரட்டு முடியைச் சீவி எடுக்க ருஷ்யாக்காரனுக்கு மட்டும்தான் தெரியுமாம். அவ்வளவு தூரம் போய்த் திரும்ப வேண்டும். அதனால் அதற்கு மதிப்புப் பாதிதான்.

ஆம்ஸ்டர்டாம் வியாபாரி ஒருவருக்கு இங்கே ஏஜெண்டாக இருந்த ரெய்னியரிடம் அந்த வருஷம் காய்ந்த தோல் தேங்கிப்போனது. அவர் மனைவி ஹில்லகொண்டுக்கு டீவரின் மெத்தைமேல் நெடுநாளாகக் கண். டீவர் படகேறியதும் இரண்டு பேருமாக வந்து லுபெர்ட்டைப் பிடித்துவிட்டார்கள்.

"கொஞ்சம் பொறுமையாக் கேளு டீவர்," என்று லுபெர்ட் ஏணிக்குக் கீழே நின்று பேசினான். மேலே வர அவனுக்குத் துணிச்சல் இல்லை. "காட்டுல இருக்கிறவன் உடுத்தினா பதமாக ரெண்டு குளிர்காலம் ஆகுது. ஏன்? காட்டுல குளிரு. அவனுக்கு எங்க வேர்க்கும்? நான் எங்க நிக்கிறேன்? அடுப்பு முன்னாடி. நான் ஒரு காலைல வேர்க்கிறத அவன் ஒரு மாசம் வேர்க்கணும். இந்தத் தோல நான் போட்டுக்கிட்டு ரொட்டி சுட்டா ஒரே குளிர்காலத்துல பதமாயிடும். இத்தனை வருஷமா இந்த ஊர்ல ஒருத்தனுக்கும் இது தோணல பாரு!"

"தோணாது. அவங்களுக்கெல்லாம் தலைக்குள்ள மாவு இல்ல."

"வசந்தத்துல நல்லா உடுத்தின போர்வை ஒண்ணு கொண்டுவந்தா மெத்தையத் திருப்பித் தரேன்னு ரெய்னியர் கைமேல கை அடிச்சுச் சொல்லியிருக்கார். மீதித் தோலெல்லாம் நமக்கு லாபம்."

"அதாவது என் மெத்தையக் குடுத்துட்டு உன் வேர்வைய விக்கப் போற."

"நம்ம வேர்வை. நீயும் ஒண்ணு போட்டுக்கணும்."

நான் வாயைத் துணியால் பொத்திக்கொண்டேன். டீவர் இறங்கி வந்தாள். அவள் கண் கலங்கியிருந்தது. அதைப் பார்த்ததும் எனக்குச் சிரிப்புப் போய்விட்டது.

"எங்கம்மா பறிச்ச இறகுய்யா அது," என்றாள். "போடுறேன். போட்டுத் தொலைக்கிறேன். ஆனா வசந்தத்துல என் மெத்தை திரும்ப வரலைன்னா, இந்தக் கட்டிலுக்குக் கதவு இருக்கு பாத்துக்க. உள்ள ஏறிப் படுத்துத் தாழ்ப்பாள் போட்டுக்குவேன். நீ ஆயுசு முழுக்க மாவுத் தொட்டிலதான் படுக்கணும்."

அவள் சும்மா சொல்கிற ரகம் இல்லை. லுபெர்ட்டுக்கும் அது தெரியும்.

தோல்களை நாங்கள் மூன்று பேருமாகத் தைத்தோம். லுபெர்ட்டுக்கு ஒரு போர்வை, டீவருக்கு ஒன்று, மீதம் படுக்கைக்கு. தைத்து முடித்ததும் அடுத்த கேள்வி வந்தது. ரோமம் உள்ளேயா, வெளியேயா?

"இதுல என்ன சந்தேகம்?" என்றான் லுபெர்ட். "ரொட்டித் தட்டுக்குக் கொழுப்பு எந்தப் பக்கம் தடவுவோம்? மாவு படுற பக்கம். கொழுப்பு ஏற வேண்டியது தோலுக்கு. அப்ப தோல்தான் உடம்புல படணும். ரோமம் வெளிய."

ரொட்டித் தட்டை உதாரணம் காட்டியதும் எங்களுக்கும் அது சரியாகப் பட்டது. எங்களைக் குறை சொல்ல முடியாது. மாக்வாக்காரர்களை நாங்கள் பார்ப்பது கோடையில். அப்போது அவர்கள் நாங்கள் விற்ற கம்பளித் துணியைத் தோளில் போட்டுக்கொண்டு, போர்வைகளை மூட்டையாகக் கட்டித் தூக்கி வருவார்கள். குளிர்காலத்தில் காட்டுக்குள் போய், அம்மா, இதை எந்தப் பக்கம் திருப்பிப் போட்டுக்கொள்கிறீர்கள் என்று கேட்டவர்கள் எங்கள் ஊரில் யாரும் இல்லை. அந்தத் தோலை நம்பித்தான் ஊரே சாப்பிடுகிறது என்றாலும்.

ஆறு உறைந்தது. படகு நின்று சறுக்குவண்டி ஓட ஆரம்பித்தது. வீட்டுக்கு வீடு பட்டாணிக் கஞ்சியும் உப்புப் பன்றிக்கறியும், அலுத்துப் போனால் பால் விட்ட சோளக்கூழும். லுபெர்ட் ரோமம் வெளியே தெரியப் போர்வையைப் போட்டு, இடுப்பில் கயிறு கட்டிக்கொண்டு அடுப்புக்கு முன்னால் நின்றான். ரோமம் முழுக்க மாவு படிந்தது. வேர்வையில் மாவு குழைந்து பசையாகி, அடுப்புச் சூட்டில் காய்ந்து பொருக்குத் தட்டியது. அவனைப் பார்த்துத் தெருக் குழந்தைகள் முதலில் அலறின. பிறகு பழகிவிட்டது. டீவர் தெருவில் போனால் பின்னாலேயே வந்து, "பீவர் டீவர்! பீவர் டீவர்!" என்று பாட்டுப் படித்தன.

பிறகு ரொட்டியில் முடி வர ஆரம்பித்தது. ஒருநாள் பாதிரியாரின் மனைவி ஒரு ரொட்டித் துண்டைக் கையில் பிடித்துக்கொண்டு வந்து நின்றாள். நான் அப்போது அங்கேதான் இருந்தேன்.

"லுபெர்ட், இது என்ன?"

லுபெர்ட் அதை வாங்கி வெளிச்சத்தில் பார்த்தான். அவன் முகம் மலர்ந்தது.

"டீவர்! ஓடி வா! முரட்டு முடி! கொட்ட ஆரம்பிச்சிடுச்சு!"

"நான் கேக்கிறது, இது என் ரொட்டில எப்படி வந்துச்சுன்னு."

"அம்மா, நீங்க நல்லா இருக்கணும். வேற ஏதாவது வந்துச்சா? நிறைய வந்துச்சா?"

அந்த அம்மாள் அன்றிலிருந்து கீழ்த்தெரு ரொட்டிக்காரனிடம் வாங்கினாள். அவள் போனால் ஊரில் பாதி அவள் பின்னால் போகும். போனது. லுபெர்ட்டுக்கு அது ஒரு பொருட்டாகவே இல்லை. காலையில் எழுந்ததும் போர்வையை உதறி, எத்தனை முடி விழுகிறது என்று பார்ப்பதுதான் அவனுக்கு ஜெபம்.

டீவருக்குக் கஷ்டம் ஞாயிற்றுக்கிழமைதான். கோவிலில் ஹில்லகொண்ட் எங்களுக்கு முன் பெஞ்சு. உட்காரும்போதே பெருமூச்சு விட்டுக்கொண்டு உட்காருவாள்.

"என்னமோ தெரியல ட்ரைன், இந்த வருஷம் எனக்கு முதுகுவலியே இல்ல."

"ஆண்டவர் கிருபை," என்பேன் நான்.

"கிருபைதான். அதுல அப்படியே அமுங்கிப் போயிடுறேன். ரெய்னியர் என்னத் தேடி எடுக்க வேண்டியிருக்கு." பிறகு மூக்கைச் சுளித்துக்கொண்டு, "ஏதோ வாடை வரல உங்களுக்கு? செத்த மிருகம் மாதிரி?"

"ரொம்ப அமுங்காதீங்க," என்றாள் டீவர். "வசந்தத்துல எழுப்புறது கஷ்டமாயிடும்."

அப்படிப் பேசிவிட்டு வருவாளே தவிர, எங்கள் பீர்க் கொட்டகைக்கு வந்து கொப்பரைப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு மூக்கைச் சிந்துவாள். அப்படி ஒருநாள் உட்கார்ந்திருந்தபோதுதான் சொன்னாள்.

"அக்கா, ஒரு தப்புப் பண்ணிட்டேன். கிளாஸண்ணன்கிட்டக்கூடச் சொல்லிடாதீங்க."

"என்னடி?"

அவள் கொட்டகைக் கதவைச் சாத்திவிட்டு மேல்சட்டையின் கொக்கிகளை அவிழ்த்துக் காட்டினாள். உள்ளே போர்வை இருந்தது. ஆனால் விறைத்த தோல்தான் வெளியே தெரிந்தது. ரோமம் அவள் உடம்போடு ஒட்டியிருந்தது.

"அவரு சொன்ன மாதிரிதான் முதல்ல போட்டேன். ஜில்லுன்னு, பலகையக் கட்டிக்கிட்ட மாதிரி. விலாவெல்லாம் உரிஞ்சுபோச்சு. சீ போன்னு திருப்பிப் போட்டுக்கிட்டேன். மேல சட்டை போட்டா யாருக்குத் தெரியுது? நல்லா கதகதன்னு இருக்குக்கா, பூனையக் கட்டிக்கிட்டுத் தூங்குற மாதிரி."

"லுபெர்ட்டுக்குத் தெரியாதா?"

"தெரிஞ்சா மறுபடியும் ரொட்டித் தட்டு எடுத்துக்கிட்டு வருவாரு. என்னோடது தேறாது, விடுங்க. அவரோடது தேறினாப் போதும், மெத்தை வந்துடும்." கொக்கிகளை மறுபடி மாட்டிக்கொண்டாள். "அவரோடதும் தேறலன்னா, என்னாலதான் போச்சுன்னு இருக்குமேக்கா. நான் ஒழுங்காப் போட்டிருந்தா ரெண்டுல ஒண்ணாவது தேறியிருக்கும்."

அவள்மேல் சோம்பு வாசனை அடித்தது. கோடையில் மாக்வாக்காரர்களும் குளிர்காலத்தில் ஊரும் விரும்பி வாங்குகிற சோம்பு பன்னுக்கு மாவு பிசைவது அவள்தான். இடித்த சோம்பை மடியில் கட்டிக்கொண்டு நாள் முழுக்க வேலை பார்ப்பாள். அந்த வாசனையும் செத்த பீவர் வாடையும் வேர்வையும் கலந்து வந்தது. எனக்கு அவளைப் பார்க்கப் பாவமாக இருந்தது. ஒரு குவளை பீரை ஊற்றிக் கொடுத்தேன்.

பனிக்கட்டி ஒரு காலையில் பீரங்கி மாதிரிச் சத்தம் போட்டு உடைந்தது. வெள்ளம் வழக்கம்போலக் கோட்டைக்குள் போய் வந்தது. சேறு காய்வதற்குள் முதல் படகுகள் மேற்கிலிருந்து வந்துவிட்டன. லுபெர்ட் வீட்டில் தோல் கொண்டுவருகிறவர்களுக்காக வெள்ளை ரொட்டியும் பன்னும் மலை மாதிரி அடுக்கியிருந்தன. ஊர்க்காரர்களுக்குத் தவிட்டு ரொட்டிதான். அந்தச் சமயம் பார்த்து ரெய்னியர் மனைவியோடு வந்தார்.

"எங்க லுபெர்ட், உன் அதிசயத்தக் காட்டு," என்றார்.

லுபெர்ட் போர்வையைக் கழற்றி, இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு வந்து மேசைமேல் விரித்தான். போர்வை விரியவில்லை. பொருக்குத் தட்டிய மாவு உடைந்து மேசையெல்லாம் சிந்தியது. ரெய்னியர் அதைத் தட்டினார். கதவைத் தட்டுகிற சத்தம் கேட்டது. உள்ளே தோல் கறுத்துக் கொழுப்பேறிப் பளபளத்தது. வெளியே மாவுக்கு அடியில் முரட்டு முடி, ரொட்டியில் விழுந்தது போக, அப்படியே நின்றது.

"லுபெர்ட், என்ன இது?"

"உடுத்தின தோல், ஐயா."

"இத எவன் தொப்பி செய்வான்? இதச் சுட்டுத் தின்னலாம், அவ்வளவுதான்."

"முடி கொட்டுச்சு ஐயா! பாதிரியாரம்மாவக் கேட்டுப் பாருங்க!"

ஹில்லகொண்ட் அவசரமாகத் தலையாட்டினாள். "பாவம். கைமேல அடிச்சது நல்ல போர்வைக்குத்தான? மெத்தை நம்மகிட்டயே இருக்கட்டும். வாங்க போலாம்."

டீவர் பன் தட்டோடு அடுப்படியில் நின்றிருந்தாள். லுபெர்ட் அவளைத் திரும்பிப் பார்த்தான். அந்த மனுஷன் முகத்தை அப்போது நீங்கள் பார்த்திருக்க வேண்டும். மாவுத் தொட்டியில் படுப்பதற்குப் பயந்த முகம் இல்லை அது. அவளுடைய அம்மாவின் மெத்தையைத் தொலைத்துவிட்டோம் என்று நிஜமாகவே உடைந்துபோன முகம்.

அந்த நேரத்தில்தான் கஹெந்தே உள்ளே வந்தாள். வருஷா வருஷம் முதல் படகில் வருகிற மாக்வாக்காரி. எங்கள் பாஷையை இந்த ரொட்டிக் கடையில் நின்றே கற்றுக்கொண்டவள். அவர்கள் பேசும்போது உதட்டோடு உதடு ஒட்டுவதில்லை. ப-வும் ம-வும் அவர்கள் வாயில் வரவே வராது. லுபெர்ட் அவளுக்கு லுக்கெர்ட்.

"லுக்கெர்ட், என் ரொட்டி எங்க? அந்த வாசனை விதை தூவினது?" என்றவள், மேசையில் கிடந்ததைப் பார்த்து நின்றாள். "இது என்ன? யாரோட வேலை இது?"

"நான்தான். குளிர்காலம் முழுக்க உடுத்தினேன்."

அவள் முரட்டு முடியைத் தடவினாள். "இத வெளிய வெச்சா உடுத்தின?"

"ஆமா."

கஹெந்தே சிரிக்க ஆரம்பித்தாள். உதட்டை மூடத் தெரியாதவர்கள் சிரித்தால் அது நிற்காது. மேசையைப் பிடித்துக்கொண்டு, அப்படியே மாவு மூட்டைமேல் உட்கார்ந்துவிட்டாள். வாசலில் நின்ற அவள் ஆட்களுக்கு அவர்கள் பாஷையில் கத்திச் சொன்னாள். அங்கேயும் சிரிப்பு எழுந்தது.

"ஐயோ லுக்கெர்ட்! குளிருறது காத்துக்கா, உனக்கா? உனக்குன்னா இது எங்க இருக்கணு? உன்னோட ஒட்டி. ஒரசி ஒரசித்தான இதெல்லா கொட்டணு!" கண்ணைத் துடைத்துக்கொண்டு ரெய்னியரைப் பார்த்தாள். "உங்க ஆளுங்கள எனக்கு விளங்கல. நல்ல தோல் கொண்டு வந்தா வேண்டாங்கிறீங்க. நாங்க உடுத்திக் கிழிச்ச அழுக்குன்னா ஓடி வர்றீங்க. அத எடுத்துக்கிட்டு தலைல வெச்சுக்கிறீங்க. தலைல!"

நான் டீவரைப் பார்த்தேன். டீவர் என்னைப் பார்த்தாள்.

"கழட்டுடி," என்றேன்.

"அக்கா, ஆம்பளைங்க இருக்காங்க."

"மெத்தை வேணுமா வேணாமா? கழட்டு!"

அவள் தட்டை வைத்துவிட்டுக் கட்டில் கதவுக்குப் பின்னால் போனாள். கொக்கிகள் அவிழும் சத்தம் கேட்டது. உள்சட்டையும் பாவாடையுமாக, காது வரை சிவந்துபோய், தன் போர்வையைக் கொண்டுவந்து மேசைமேல் போட்டாள். இது பொத்தென்று துணி மாதிரி விழுந்தது. முதுகிலும் தோளிலும் விலாவிலும் ஒரு முரட்டு முடி இல்லை. பட்டு மாதிரிப் பழுப்பு ரோமம் கொழுப்பேறி மின்னியது.

கஹெந்தே அதைத் தூக்கி முகர்ந்தாள்.

"இது! இதான்! நல்லா உழைச்சிருக்கா இவ. கூடவே அந்த விதை வாசனை வேற."

"நீ எப்பத் திருப்பிப் போட்ட?" என்றான் லுபெர்ட்.

"நீ ரொட்டித் தட்டுக் கதை சொன்ன மறுநாளே."

ரெய்னியர் போர்வையைத் தன் பக்கம் இழுத்தார். ரோமத்துக்குள் விரலை விட்டு ஊதி ஊதிப் பார்த்தார். நல்ல தோலைப் பார்த்தால் அவர் மூச்சு மாறும். ஊருக்கே அது தெரியும். அவர் மனைவிக்கும் தெரியும்.

"வேணாங்க," என்றாள் ஹில்லகொண்ட். "என் முதுகு நினைப்பிருக்கட்டும்."

"கைமேல கை அடிச்சிருக்கேன் ஹில்லகொண்ட்."

"என் கைலயா அடிச்சீங்க?"

"வியாபாரத்துல வார்த்தைன்னு ஒண்ணு இருக்கு."

"வார்த்தையா! மூஞ்சியப் பாத்தாத் தெரியல? அவ அழுக்குச் சட்டைய மோந்துகிட்டு நிக்கிறீங்க, வெக்கமா இல்ல?"

டீவர் போர்வையைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். "மெத்தை வந்தப்புறம் மோந்து பாக்கட்டும். அதோட போன தலையணையும் வரணும். நல்லாத் தட்டி, வெயில்ல காயவெச்சுத் தரணும். ஒரு குளிர்காலமா அதுல யார் யாரோ அமுங்கியிருக்காங்க."

மெத்தையை ரெய்னியரே தூக்கிக்கொண்டு வந்தார். வேலையாள் கையில் கொடுத்தால் அதற்குள் போர்வை வேறு யாருக்காவது போய்விடும் என்று பயம். தலைக்குமேல் மெத்தை, எதிரே வருவது தெரியவில்லை. ஹில்லகொண்ட் பின்னாலேயே அழுதுகொண்டு வந்தாள். தையல் ஓரம் எங்கேயோ விட்டு, தெரு முழுக்க இறகு பறந்தது. கஹெந்தே வாசலில் நின்று சோம்பு பன்னைக் கடித்துக்கொண்டே பார்த்தாள்.

"கீழ வாத்து, தலைல எங்க அழுக்கு, நடுவுல இவங்க," என்றாள்.

டீவர் மெத்தையைக் கட்டிலுக்குள் தள்ளி, தட்டிச் சரிசெய்து, அதில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். தோள் குலுங்கியது. லுபெர்ட் கொஞ்சம் தள்ளி நின்று கையைப் பிசைந்துகொண்டிருந்தான். பிறகு அவள் நிமிர்ந்து மூக்கைத் துடைத்துக்கொண்டாள்.

"என்னங்க," என்றாள். அந்தக் குளிர்காலம் முழுக்க 'யோவ்' கேட்ட மனுஷனுக்கு அது காதில் விழ ஒரு கணம் ஆனது. "அந்தப் பொருக்கத் தட்டிட்டு, அடுத்த குளிர்காலத்துக்கு உள்பக்கம் திருப்பிப் போட்டுக்கங்க. ரொட்டி சுடும்போது மட்டும் வேணாம்."

கதை இங்கே முடிந்திருக்க வேண்டும். மேலும் ஒரு குளிர்காலம் போய், அடுத்த கோடையில் ஹாலந்துக் கப்பல் வந்திராவிட்டால் முடிந்திருக்கும்.

அந்த ஞாயிறு நல்ல மழை. ரெய்னியர் புதுத் தொப்பியோடு கோவிலுக்கு வந்தார். அகலமான கறுப்பு பீவர் தொப்பி. அவருடைய ஆம்ஸ்டர்டாம் வியாபாரி, விசுவாசமான ஏஜெண்டுக்கு வெகுமதியாக அனுப்பியது. நனைந்துவிட்டிருந்தது. ஹில்லகொண்ட் எங்கள் பக்கம் திரும்பினாள். மெத்தை போனதிலிருந்து பேசாதவள் அன்றைக்குப் பேசினாள்.

"இவரு போன வருஷம் அனுப்பின தோல்லயே மேலான தோல் எதுவோ, அதுல செஞ்சதாம். ஆம்ஸ்டர்டாம்ல புதுசா ஏதோ தைலம் வேற போடுறாங்க போல. நனைஞ்சதும் என்ன வாசனைங்கிறீங்க! மோந்து பாரு டீவர், உனக்கெல்லாம் எங்க கிடைக்கப் போகுது."

டீவர் குனிந்து முகர்ந்தாள். நிமிரும்போது அவள் முகம் ஒரு மாதிரி ஆகிவிட்டது. மெதுவாக உட்கார்ந்து என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அக்கா. சோம்பு."

நானும் எட்டி முகர்ந்தேன். எத்தனை கொப்பரையில் வேகவைத்து, எத்தனை பேர் அடித்துத் துவைத்த தொப்பியோ, அதில் சோம்பு வாசனை மிஞ்சியிருக்குமா என்று படித்தவர்கள் கேட்கலாம். கேட்கட்டும். என் மூக்கு எனக்குத் தெரியும்.

பாதிரியார் ஜெபத்துக்கு எழுந்தார். எங்கள் ஊர் வழக்கப்படி ஆண்கள் எல்லோரும் தொப்பியைக் கழற்றி, கவனம் சிதறாமல் இருக்க, அதற்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டு ஜெபம் செய்வார்கள். ரெய்னியரும் புதுத் தொப்பிக்குள் மூக்கு, வாய் எல்லாவற்றையும் நன்றாகப் புதைத்துக்கொண்டு ஆழமாக மூச்சை இழுத்தார். எங்கள் பாதிரியார் ஜெபம் சீக்கிரத்தில் முடியாது.

பெஞ்சு ஆட ஆரம்பித்தது. நானும் டீவரும் குலுங்கியதுதான். பாதிரியாரின் மனைவி திரும்பி முறைத்தாள். டீவர் கைக்குட்டையைப் பல்லால் கடித்துக்கொண்டு என் காதில் சொன்னாள்:

"அக்கா, அது என் முதுகா இருக்குமா, கக்கமா இருக்குமா?"

தொப்பிக்குள்ளிருந்து ரெய்னியரின் குரல் பக்தியோடு வந்தது.

"ஆமென்."